அநாதை இல்லத்திலிருந்து சிறைக்கூடம் வரை: ஒரு சொல்லின் வரலாறு

சிட்னி நகரின் மேற்குப் புறத்திலுள்ள பென்டில் ஹில், வென்ட்வேர்த்வில், துங்காபி முதலிய இடங்கள் புலம்பெயர்ந்த எம்மவர்களுக்கு நன்கு பரிச்சயமானவை. அங்கிருந்து ரயிலில் ஏறினால் சில நிமிடங்களில் பரமட்டா வந்துவிடும். சில ஆண்டுகளுக்கு முன்னர் அப்பகுதியில் வசிக்கும் என் மைத்துனரின் வீட்டில் தங்கியிருந்தேன். ஒரு ஞாயிறு மாலை, ஆற்றங்கரையோரமாக நடப்பதற்கு அவர் என்னை அழைத்துச் சென்றார். ஃப்ளீட் வீதியில் உயர்ந்த மதிலுக்குப் பின்னால் பழைய மணற்கல் கட்டடமொன்று தெரிந்தது. "இது என்ன இடம்?" என்று கேட்டேன். "ஏதோ பழைய ஆஸ்பத்திரி போல, அத்தான். பதினெட்டு வருஷமா இதால போய் வாறன், விசாரிச்சதில்லை" என்றார் அவர்.

அது ஆஸ்பத்திரி அன்று. அன்றிரவு தேடி வாசித்தபோதுதான் அதன் வரலாறு எனக்குத் தெரிய வந்தது. 1844 இல் அது கத்தோலிக்க அநாதைப் பிள்ளைகளுக்கான விடுதியாகத் திறக்கப்பட்டது. 1887 இல் பெண் பிள்ளைகளுக்கான கைத்தொழிற் பாடசாலை என்ற பெயரைப் பெற்றது. "பரமட்டா பெண்கள் இல்லம்" என்று மூன்று தலைமுறையினர் அஞ்சிய இடம் அதுவே. 1974 இல் அந்த இல்லம் மூடப்பட்டது. 1980 இல் அதே வளாகத்தின் பிரதான கட்டடத்தைச் சிறைத் திணைக்களம் பொறுப்பேற்றுப் பெண்களுக்கான சிறையாக்கியது. அநாதை விடுதி, சீர்திருத்த இல்லம், சிறைச்சாலை. பெயர்ப்பலகை மாறியது. மதில் மாறவேயில்லை.

அரசின் பராமரிப்பில் வளர்ந்த பிள்ளைகளில் பலர் ஏன் சிறையில் முடிகிறார்கள் என்ற கேள்வி உலகின் பல நாடுகளில் கேட்கப்படுகிறது. வழக்கமாக விடையைப் பிள்ளையிடமே தேடுகிறார்கள். கெட்ட சகவாசம், தாய் தந்தையரின் குடி, பிறவிக்குணம் என்றெல்லாம் காரணங்கள் அடுக்கப்படும். அவுஸ்திரேலியாவின் வரலாறு வேறொரு விடையைத் தருகிறது. ஒரு பிள்ளையின் இல்லாமையைச் சட்டம் அந்தப் பிள்ளையின் குற்றமாகவே எழுதி வைத்தது என்பதுதான் அந்த விடை.

இதை எழுதுவதற்கு எனக்கும் ஒரு காரணம் உண்டு. முதலில் அதைச் சொல்லிவிடுகிறேன்.

நான் எழுதிய ஆறு வரிச் செய்தி

1990 களின் தொடக்கத்தில் கொழும்பில் நீதிமன்ற நிருபராகப் பணியாற்றினேன். ஒரு நாள் காலை, பத்து வயது மதிக்கத்தக்க சிறுவன் ஒருவனைப் பொலிஸார் மன்றில் ஆஜர் செய்தனர். மலையகத் தோட்டமொன்றிலிருந்து வந்தவன். தாய் மத்திய கிழக்கிற்குப் பணிப்பெண்ணாகச் சென்றிருந்தார். தந்தையைப் பற்றித் தகவல் இல்லை. கோட்டை ரயில் நிலையத்தில் படுத்துறங்கியவனை அழைத்து வந்திருந்தார்கள். அவனைத் தடுப்பு இல்லத்திற்கு அனுப்புமாறு நீதவான் உத்தரவிட்டார். வெளியே வரும்போது அந்தப் பிள்ளை கான்ஸ்டபிளைப் பார்த்து, "நான் ஒன்னும் திருடலைங்க ஐயா" என்றான். எவரும் அவனைத் திருடன் என்று சொல்லவில்லை. ஆனால் தான் நிற்கும் இடம் எத்தகையவர்களுக்கானது என்பதை அவன் தெரிந்து வைத்திருந்தான்.

மறுநாள் நான் எழுதிய ஆறு வரிச் செய்தி வெளிவந்தது. "ரயில் நிலையத்தில் சிறுவன் கைது, தடுத்து வைக்க உத்தரவு" என்பது தலைப்பு. செய்தி ஆசிரியர் ஒரு சொல்லையும் மாற்றவில்லை. எனக்கும் அன்று எதுவும் உறுத்தவில்லை. பரமட்டாவின் கதையை வாசித்த இரவில்தான் அந்தத் தலைப்பு நினைவுக்கு வந்தது.

ஒரே சட்டத்தில் இரு பிள்ளைகள்

விக்டோரியா அப்போது பிரித்தானியக் குடியேற்ற நாடு. 1850 களின் தங்க வேட்டை அடங்கிய பின்னர், தந்தையர் கைவிட்டுப்போன குடும்பங்களின் பிள்ளைகள் மெல்பேர்ண் வீதிகளில் அலைந்தனர். இதற்குத் தீர்வாக 1864 இல் ஒரு சட்டம் நிறைவேற்றப்பட்டது. அதன் பெயரைத் தமிழில் "புறக்கணிக்கப்பட்ட மற்றும் குற்றவாளிச் சிறுவர் சட்டம்" எனலாம். இரு வகைப் பிள்ளைகளும் ஒரே தலைப்பின் கீழ் வந்தனர். பிச்சை எடுத்த பிள்ளை, தங்க இடமின்றி அலைந்த பிள்ளை, திருடர்களோடு காணப்பட்ட பிள்ளை ஆகியோரைப் பொலிஸார் பிடித்து நீதிபதி முன் நிறுத்தலாம். புறக்கணிக்கப்பட்டோர் எனக் கண்டவர்கள் கைத்தொழிற் பாடசாலைக்கும், குற்றம் செய்தவர்கள் சீர்திருத்தப் பாடசாலைக்கும் அனுப்பப்படுவர். சென்று சேரும் இடம் வேறு. ஆனால் பிடிக்கும் கையும், நிறுத்தும் கூண்டும், எழுதும் ஏடும் ஒன்றே.

பெரிய விடுதிகளில் நோயும் நெரிசலும் மிகுந்ததால், 1870 களில் பிள்ளைகளை வளர்ப்புக் குடும்பங்களிடம் ஒப்படைக்கும் முறை அங்கு தொடங்கியது. அது நல்ல மாற்றமே. ஆயினும் அந்தக் குடும்பத்திற்குச் செல்லும் பாதை மாறவில்லை. பிள்ளை முதலில் நீதிமன்றத்திற்கே செல்ல வேண்டியிருந்தது. அதன் மீது "புறக்கணிக்கப்பட்ட பிள்ளை" என்ற முறைப்பாடு, ஒரு குற்றச்சாட்டின் வடிவத்திலேயே பதியப்பட்டது. புறக்கணித்தவர் எவரோ, பதிவோ புறக்கணிக்கப்பட்டவரின் பெயரில்.

ஆதிக்குடிப் பிள்ளைகள்

இந்தச் சட்டங்களின் பாரம் யாவரிலும் அதிகமாக விழுந்தது அந்த மண்ணின் ஆதிக்குடிகள் மீதுதான். மேற்கு அவுஸ்திரேலியாவில் 1905 ஆம் ஆண்டின் சட்டம், 16 வயதுக்குட்பட்ட ஒவ்வோர் ஆதிக்குடிப் பிள்ளைக்கும் பிரதம பாதுகாவலர் என்ற அதிகாரியையே சட்டபூர்வப் பாதுகாவலராக்கியது. பெற்ற தாய்க்கு அந்த உரிமை இல்லை. நியூ சவுத் வேல்ஸில் 1909 இல் ஆதிக்குடிகள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. 1915 இன் திருத்தம், பிள்ளையின் ஒழுக்க நலனுக்கோ உடல் நலனுக்கோ ஏற்றது எனத் தான் கருதினால், நீதிமன்ற உத்தரவின்றியே எந்தப் பிள்ளையையும் எடுத்துச் செல்லலாம் என்ற அதிகாரத்தைப் பாதுகாப்புச் சபைக்கு வழங்கியது.

1940 இல் அந்தச் சபை நலன்புரிச் சபையாகப் பெயர் மாற்றம் பெற்றது. அதன் பின்னர் பிள்ளையைப் பிரிக்க நீதிமன்றம் செல்ல வேண்டும் என்றாயிற்று. வாசகர்கள் இதை முன்னேற்றம் என எண்ணக்கூடும். ஒரு வகையில் முன்னேற்றந்தான். ஆனால் நீதிமன்றம் பயன்படுத்திய அளவுகோல் 1939 ஆம் ஆண்டின் சிறுவர் நலன்புரிச் சட்டம். நிலையான வசிப்பிடமும், கண்ணுக்குத் தெரியும் வருமானமும் இல்லையென்றால் அது "புறக்கணிக்கப்பட்ட" பிள்ளை. காணி பறிக்கப்பட்டு, ஒதுக்கிடங்களில் குடியமர்த்தப்பட்டு, அரைக்கூலிக்கு வேலை செய்த ஒரு சமூகத்தில் எத்தனை வீடுகள் இந்த அளவுகோலில் தேறும்? முன்னர் இனத்தின் பெயரால் பிரிக்கப்பட்ட பிள்ளை, இப்போது வறுமையின் பெயரால் பிரிக்கப்பட்டது.

பெண் பிள்ளைகள் கூட்டமண்ட்ரா என்ற ஊரிலிருந்த இல்லத்தில் வீட்டு வேலைக்குப் பழக்கப்பட்டனர். ஆண் பிள்ளைகளுக்குக் கெம்ப்சிக்கு அருகே கின்செலா இல்லம் இருந்தது. 1924 முதல் 1970 வரை அது இயங்கியது. அங்கே பிள்ளைகளைப் பெயர் சொல்லி அழைப்பதில்லை. இலக்கம் சொல்லி அழைத்தனர். பெயருக்குப் பதிலாக இலக்கம் வழங்கும் இன்னோர் இடம் எதுவென்று நான் சொல்லத் தேவையில்லை.

மதிலுக்குள்ளேயே அடுத்த படி

இல்லத்திலிருந்து சிறைக்குச் செல்லும் படிக்கட்டு எவ்வாறு அமைந்திருந்தது என்பதைப் பரமட்டா தெளிவாகக் காட்டுகிறது. அங்கு அனுப்பப்பட்ட பல பெண் பிள்ளைகள் மீதிருந்த குற்றச்சாட்டு "ஒழுக்க ஆபத்துக்கு உட்பட்டவர்" என்பதாகும். வீட்டில் பாலியல் வன்முறைக்கு ஆளான சிறுமியும் இதே குற்றச்சாட்டின் பேரில் அங்கு அடைக்கப்பட்டாள். வேறு இல்லங்களிலிருந்து ஓடியவர்களும், "கட்டுக்கடங்காதவர்" எனப்பட்டவர்களும் அங்கு வந்து சேர்ந்தனர். தாயைத் தேடி ஓடிய பிள்ளையும் தப்பியோடிய பிள்ளைதான். தப்பியோடுதல் குற்றம், பொலிஸார் தேடிப் பிடிப்பர். முதலாவது பதிவில் பிள்ளையின் செயல் எதுவுமில்லை. இரண்டாவது பதிவில் அதுவும் சேர்ந்துவிடும்.

1961 இல் பரமட்டாவில் கலகங்கள் மூண்டன. ஏன் கலகம் செய்கிறார்கள் என்று விசாரிப்பதற்குப் பதிலாக, அரசாங்கம் நூற்றுக்கணக்கான மைல்களுக்கு அப்பாலுள்ள ஹேய் என்ற சிற்றூரில் இன்னோர் இடத்தைத் திறந்தது. அது பத்தொன்பதாம் நூற்றாண்டில் கட்டப்பட்ட, கைவிடப்பட்டிருந்த சிறைச்சாலை. பரமட்டாவில் "அடங்காத" சிறுமிகள் அங்கு அனுப்பப்பட்டனர். கண்களைத் தரையில் பதித்தபடி அணிவகுத்து நடக்க வேண்டும். பேசுவதற்குக் கடும் கட்டுப்பாடு. எந்த நீதிமன்றமும் அவர்களுக்குச் சிறைத்தண்டனை விதிக்கவில்லை. ஆனால் அவர்கள் உறங்கியதோ சிறைக் கொட்டடியில். "அடியாத மாடு படியாது" என்று நமது ஊரிலும் சொல்லுவார்கள். அடித்துப் படியவைத்த பிள்ளைகள் பிற்காலத்தில் என்ன சாட்சியம் கூறினார்கள் என்பதை, நிறுவனங்களில் நடந்த சிறுவர் துஷ்பிரயோகம் பற்றிய அரச ஆணைக்குழு 2014 இல் பரமட்டா, ஹேய் இல்லங்கள் குறித்து நடத்திய விசாரணையில் நாடே கேட்டது.

99 பேரில் 43 பேர்

சிறைகளிலும் பொலிஸ் காவலிலும் ஆதிக்குடிகள் தொடர்ந்து இறந்து வந்ததையிட்டு, 1987 இல் அரச ஆணைக்குழுவொன்று நியமிக்கப்பட்டது. 1980 இன் தொடக்கத்திலிருந்து 1989 மே வரை நிகழ்ந்த 99 மரணங்களை அது ஆராய்ந்தது. எவ்வாறு இறந்தார்கள் என்பதுடன் நிறுத்தாமல், எவ்வாறு வாழ்ந்தார்கள் என்றும் ஆணைக்குழு தேடியது. இந்த வகையில் எனக்குத் தெரிந்த விசாரணை அறிக்கைகளில் அது தனித்து நிற்கிறது. 1991 இல் வெளியான இறுதி அறிக்கையின்படி, இறந்த 99 பேரில் 43 பேர் சிறுவயதில் அரசினாலோ மிஷன்களினாலோ வேறு நிறுவனங்களினாலோ குடும்பத்திலிருந்து பிரிக்கப்பட்டவர்கள். 43 பேர் 15 வயதிலோ அதற்கு முன்னரோ குற்றமொன்றுக்காக வழக்குத் தொடரப்பட்டவர்கள். இடைநிலைக் கல்வியை முடித்தவர்கள் இருவர் மாத்திரமே.

அக்காலப்பகுதியிலேதான் ஆர்ச்சி றோச் என்ற பாடகரை நாடு அறிந்தது. விக்டோரியாவின் ஃப்ராம்லிங்கம் என்ற ஆதிக்குடிக் குடியிருப்பிலிருந்து சின்னஞ்சிறு வயதில் எடுத்துச் செல்லப்பட்டவர் அவர். குடும்பத்தவர் தீ விபத்தில் இறந்துவிட்டதாக அவரது வளர்ப்புப் பெற்றோரிடம் கூறப்பட்டிருந்தது. அவர்கள் அவரை அன்போடுதான் வளர்த்தார்கள். இதை அவரே பல தடவை நன்றியோடு சொல்லியிருக்கிறார். பதின்பருவத்தில், பாடசாலையில் இருந்தபோது, அவருக்கு ஒரு கடிதம் வந்தது. எழுதியவர் அவரது சகோதரி. தாய் அண்மையில்தான் காலமானார் என்றது அக்கடிதம். பையன் வீட்டை விட்டு வெளியேறினான். தெரு, மது, பொலிஸ், சிறை என்று அவரது இளமை கழிந்தது. 1990 இல் வெளியான தமது முதல் இசைத்தட்டில், பிள்ளைகள் பறிக்கப்பட்ட கதையை அவர் பாடலாக்கினார். 2022 இல் காலமானார்.

அவரது வாழ்வை நான் இங்கு குறிப்பிடுவதற்குக் காரணம் உண்டு. வளர்ப்புக் குடும்பங்கள் யாவும் கொடியவை என்பது என் வாதமன்று. நல்ல வீடு கிடைத்த பிள்ளையைக்கூட, அந்த வீட்டுக்கு அனுப்பிய பொய் வீதிக்குத் தள்ளியது. இன்னொன்றையும் சொல்ல வேண்டும். றோச்சும், அவரைப் போலவே பறிக்கப்பட்ட அவரது துணைவி றூபி ஹன்ரரும், தமது பிள்ளைகளோடு ஆதரவற்ற வேறு பிள்ளைகளையும் தம் வீட்டில் வளர்த்தார்கள். "ஊரான் பிள்ளையை ஊட்டி வளர்த்தால் தன் பிள்ளை தானே வளரும்" என்ற நம் பழமொழியை அவர்கள் கேட்டிருக்க வாய்ப்பில்லை. அதன்படி வாழ்ந்தார்கள்.

எப்படியும் சிறைக்குத்தான் போயிருப்பார்களா?

"இந்தப் பிள்ளைகள் சிதைந்த குடும்பங்களிலிருந்து வந்தவர்கள், எங்கு வளர்ந்தாலும் சிறைக்குத்தான் போயிருப்பார்கள்" என்று கூறுவோர் உளர். அலட்சியம் செய்யத்தக்க வாதமன்று. உண்மையாகவே மீட்கப்பட வேண்டிய பிள்ளைகள் அன்றும் இருந்தனர், இன்றும் இருக்கின்றனர். ஆனால் 1994 இல் ஆதிக்குடிகளிடையே நடத்தப்பட்ட தேசிய மதிப்பீடு இந்த வாதத்தைச் சோதிக்க உதவியது. சிறுவயதில் பிரிக்கப்பட்டவர்கள், பிரிக்கப்படாதவர்களைவிடக் கல்வியிலோ தொழிலிலோ முன்னேறியிருக்கவில்லை. மாறாக, முந்தைய ஐந்தாண்டுகளில் ஒரு தடவைக்கு மேல் கைதானவர்களின் விகிதம் அவர்களிடையே ஏறத்தாழ இரு மடங்காக இருந்தது. அவர்களது நன்மைக்காகவே பிரித்தோம் என்ற கூற்று இங்கே நிலைகுலைகிறது.

1997 மே மாதம் பாராளுமன்றத்தில் சமர்ப்பிக்கப்பட்ட "அவர்களை வீட்டுக்கு அழைத்து வருதல்" என்ற அறிக்கை, 1910 க்கும் 1970 க்கும் இடையில் ஆதிக்குடிப் பிள்ளைகளில் பத்தில் ஒருவர் முதல் மூன்றில் ஒருவர் வரை பிரிக்கப்பட்டனர் என்று மதிப்பிட்டது. 2008 பெப்ரவரி 13 அன்று பிரதமர் கெவின் றட் அவர்களிடம் மன்னிப்புக் கோரினார். இல்லங்களில் வளர்ந்த ஏனைய பிள்ளைகளிடமும் 2009 நவம்பரில் மன்னிப்புக் கோரப்பட்டது. ஐந்து இலட்சத்துக்கும் அதிகமானோர் அவ்வாறு வளர்ந்தனர் என்பது செனற் சபைக் குழுவின் கணிப்பு.

மன்னிப்புக் கோரிய பின்னரும் ஒன்று அழியாமல் இருந்தது. அதுதான் அந்தப் பதிவு. விக்டோரியாவில் பிள்ளைகளின் பாதுகாப்பு வழக்குகளும் குற்ற வழக்குகளும் நீதிமன்றத்தின் இரு வேறு பிரிவுகளாக்கப்பட்டது 1989 ஆம் ஆண்டின் சட்டத்தினாலேயே. அதற்கு முன்னர் குழந்தைப் பருவத்தில் அரச பராமரிப்புக்குள் சென்ற பலர், முதியவர்களான பின்னர் தமது கோவைகளைக் கேட்டுப் பெற்றபோது, தாம் கைக்குழந்தையாக நீதிமன்றம் கொண்டுசெல்லப்பட்ட நாள் பொலிஸ் பதிவில் குற்றச்சாட்டாக இருக்கக் கண்டனர். நடக்கப் பழகும் முன்னரே குற்றப் பதிவு. 2018 இல் விக்டோரியப் பாராளுமன்றம் ஒரு சட்டத்தின் மூலம், அத்தகைய பழைய பராமரிப்பு உத்தரவுகள் குற்றத்தீர்ப்புகளாகக் கொள்ளப்படலாகாது என்று ஏற்றுக்கொண்டது. 1864 இல் தொடங்கிய கலப்பு, சட்ட ஏட்டில் முற்றாகப் பிரிய 154 ஆண்டுகள் பிடித்தன.

இன்றைய நிலை

சட்ட ஏட்டில் பிரிந்தாலும் வாழ்வில் பிரியவில்லை. விக்டோரியாவின் தண்டனை ஆலோசனைச் சபை 2019 இல் வெளியிட்ட ஆய்வின்படி, 2016, 2017 ஆம் ஆண்டுகளில் சிறுவர் நீதிமன்றத்தில் தண்டனை பெற்ற அல்லது மாற்றுவழிக்கு அனுப்பப்பட்ட 5,063 சிறுவர்களில் 38 சதவீதத்தினர் பற்றிச் சிறுவர் பாதுகாப்புத் திணைக்களத்திற்கு முறையிடப்பட்டிருந்தது. 15 சதவீதத்தினர் வீட்டுக்கு வெளியே அரச பராமரிப்பில் வாழ்ந்தவர்கள். அவுஸ்திரேலியச் சிறுவர்களில் எந்தவொரு நாளிலும் அத்தகைய பராமரிப்பில் இருப்போர் நூற்றுக்கு ஒருவருக்கும் குறைவு என்பதோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள்.

காரணங்களில் ஒன்று மிகச் சாதாரணமானது. நமது வீட்டில் ஒரு பிள்ளை கோபத்தில் கோப்பையை உடைத்தால், கதவை உதைத்தால், தாய் திட்டுவார். இரவுச் சாப்பாட்டோடு அது மறந்துபோகும். பணியாளர்கள் முறைவைத்து வந்துபோகும் இல்லத்தில் அதையே செய்தால் பொலிஸாருக்குத் தொலைபேசி அழைப்புப் போகும். சொத்துக்குச் சேதம் விளைவித்தல் என வழக்கு எழுதப்படும். இந்த வழக்கத்தைக் குறைப்பதற்காகவே நியூ சவுத் வேல்ஸில் 2016 இலும், விக்டோரியாவில் 2020 இலும் பொலிஸாரும் பராமரிப்பு அமைப்புகளும் உடன்படிக்கைகள் செய்துகொள்ள நேர்ந்தது.

வட பிரதேசத்தின் சிறுவர் தடுப்பு நிலையக் கொடுமைகள் 2016 இல் தொலைக்காட்சியில் அம்பலமானபோது நியமிக்கப்பட்ட ஆணைக்குழு, சிறுவர் பாதுகாப்பையும் தடுத்துவைப்பையும் சேர்த்தே விசாரித்தது. விக்டோரியாவின் யூறூக் நீதி ஆணைக்குழுவும் தனது 2023 ஆம் ஆண்டு அறிக்கையில் இரண்டையும் ஒருசேரவே எடுத்துக்கொண்டது. 1864 இல் சட்டம் சேர்த்து வைத்ததை இன்று விசாரணையாளர்கள் சேர்த்துப் பார்க்க வேண்டியிருக்கிறது. 1997 இன் அறிக்கை வெளியானபோது, வீட்டுக்கு வெளியே பராமரிக்கப்பட்ட பிள்ளைகளில் ஐந்தில் ஒருவர் ஆதிக்குடிப் பிள்ளை. இன்றோ நூற்றுக்கு நாற்பதுக்கும் மேல். 1991 இல் சிறைவாசிகளில் ஏழில் ஒருவராக இருந்த ஆதிக்குடிகள், இன்று மூன்றில் ஒருவருக்கும் அதிகமாக இருக்கின்றனர்.

மீண்டும் அந்தச் சிறுவன்

நியூ சவுத் வேல்ஸின் சிறுவர் நலன்புரிச் சட்டம் வந்த அதே 1939 ஆம் ஆண்டில்தான் இலங்கையிலும் சிறுவர், இளம் ஆட்கள் கட்டளைச் சட்டம் இயற்றப்பட்டது. இரண்டுக்கும் மூலம் பிரித்தானியச் சட்ட மரபே. குற்றம் செய்த சிறுவனையும், பராமரிப்புத் தேவைப்படும் சிறுவனையும் அதுவும் ஒரே நீதிமன்றத்தின் முன் நிறுத்தியது. கோட்டை ரயில் நிலையத்தில் உறங்கிய பிள்ளை தடுப்பு இல்லத்திற்குச் சென்ற வழி அதுதான். நீதவான் சட்டத்தின்படி நடந்தார். பொலிஸாரும் அவனை அடிக்கவில்லை, ஏசவில்லை. நானோ "கைது" என்று எழுதினேன். அந்தச் சொல்லை எழுதும்படி எந்தச் சட்டமும் என்னைக் கட்டாயப்படுத்தவில்லை.

அந்தத் தடுப்பு இல்லத்தில் அவனோடு யார் இருந்தார்கள், எத்தனை நாள் இருந்தான், தாய் திரும்பி வந்தபோது மகனைத் தேடிக் கண்டுபிடித்தாரா என்று நான் விசாரிக்கவில்லை. நீதிமன்ற நிருபருக்கு மறுநாள் வேறு வழக்கு. இப்போது அவனுக்கு நாற்பது வயது கடந்திருக்கும்.

இன்று அந்தச் செய்தியை எழுத நேர்ந்தால் இவ்வாறு எழுதுவேன்: "தாய் வெளிநாடு சென்றுள்ள நிலையில் ஆதரவின்றி ரயில் நிலையத்தில் தங்கியிருந்த பத்து வயதுச் சிறுவனுக்குப் பராமரிப்பு வழங்குமாறு நீதிமன்றம் உத்தரவிட்டது. சிறுவன் எக்குற்றமும் செய்தவன் அல்லன்." இதுவும் ஏறக்குறைய அதே ஆறு வரிதான் வரும். இத்துறைக்குப் புதிதாக வந்துள்ள இளம் நிருபர்களிடம் நான் கேட்பது ஒன்றுதான். பிள்ளையொன்றின் பெயருக்குப் பக்கத்தில் "கைது" என்று எழுதுவதற்கு முன்னர், இந்தப் பிள்ளை என்ன செய்தது என்று ஒரு தடவை கேட்டுப் பாருங்கள். எதுவும் செய்யவில்லை என்பது விடையானால், அதையே முதல் வரியாக எழுதுங்கள்.